சாவு மேளம் ஆகாதாம்

“உங்க வீட்டுக்காரர்தானே படத்துக்கு மியூசிக் போடுறாரு?” என்று கேட்டவர்களை வரிசையாக நிற்க வைத்தால், அந்த வரிசை செங் தொழிற்பேட்டையில் தொடங்கி மலாக்கா பஸ் நிலையம்வரை போகும். என் வீட்டுக்காரர் செங்கில் ஒரு தொழிற்சாலையில் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டுகிறார். தங்கமான மனுசன். ஆனால் பிறந்தநாள் பாட்டைக்கூடச் சுருதி சேராமல் பாடுவார். இசை அமைப்பது நான்தான். இதைச் சொன்னதும் அடுத்த கேள்வி வந்துவிடும்: “ஓ, அப்ப எத்தனை பாட்டு?”

பாட்டு இல்லையென்றால் இசையே இல்லை நம் ஆட்களுக்கு. இரண்டு மணி நேரப் படத்தில் ஒருத்தி கதவைத் திறக்கும்போதும், ஒருவன் பொய் சொல்லும்போதும், மழை வரப்போகும்போதும் அடியில் ஓடுகிறதே, அதற்குத்தான் நான் முதுகு ஒடிய உட்கார்ந்திருக்கிறேன் என்று சொன்னால், “அது சும்மா பின்னால வர்றதுதானே” என்பார்கள். சும்மாவாம்! அந்தச் சும்மாவை ஒரு காட்சியில் எடுத்துவிட்டுப் பார்க்கச் சொல்ல வேண்டும், கடலை கொறிக்கும் சத்தம்தான் கேட்கும்.

பத்திரிகையில் என்னைப் பற்றி நாலு வரி வந்தால் எப்போதும் ஒரே மாதிரிதான் வரும். கோயில் வகுப்பில் கர்நாடக வயலின், பிறகு பியானோ பரீட்சைகள், பிறகு மலாக்கா ஓட்டல் ஒன்றின் லவுஞ்சில் ஜாஸ் குழுவில் பியானோ, பிறகு விளம்பரம், தொலைக்காட்சி நாடகம், சினிமா. எல்லாம் உண்மை. ஆனால் என் முதல் இசை எது என்று ஒருவரும் கேட்டதில்லை. கேட்டிருந்தால் சொல்லியிருப்பேன். பெம்பான் பக்கம் ஒரு ரப்பர் தோட்டத்தில், லயத்து வீட்டுக்குள் உட்கார்ந்தபடி நான் கேட்ட அப்பாவின் பறை.

அப்பா பால்மரம் வெட்டிப் பால் எடுக்கும் தொழிலாளி. தோட்டத்தில் யாராவது இறந்துவிட்டால் முதலில் ஆள் வருவது எங்கள் வீட்டுக்கு. அவர் பறையை எடுத்துக்கொண்டு போவார், தீ மூட்டித் தோலைக் காய்ச்சுவார், பிறகு அடிப்பார். பொம்பளைப் பிள்ளை கிட்டே வரக் கூடாது என்று என்னை விரட்டுவார். எனக்கு எதையும் கற்றுக்கொடுத்தவர் இல்லை. ஆனால் காது யார் விரட்டினாலும் போகாதே. அவருடைய அடி, விழ வேண்டிய இடத்துக்குக் கொஞ்சம் தள்ளி விழும். பிந்திப் போவதுபோல் இருக்கும், பிந்தாது. பல வருடம் கழித்து ஓட்டல் லவுஞ்சில் டிரம்ஸ்காரர் அதையே செய்தார், அதற்கு ‘ஸ்விங்’ என்று பெயர் சொன்னார். அட, இது எங்கப்பா அடிதானே என்று எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

ரப்பர் போய்ச் செம்பனை வந்ததும் நாங்கள் தோட்டத்தை விட்டு ஒரு தாமான் குடியிருப்பில் வரிசை வீட்டுக்கு வந்தோம். என் அண்ணனுக்கு ஆபீஸ் வேலை கிடைத்தது. பறை எங்கே போனது என்று கேட்டதற்கு, “இங்க அதெல்லாம் பேசாத” என்றான். அப்பாவும் பேசவில்லை.

அப்பா இறந்தபோது நான் மேளம் வைக்கச் சொன்னேன். அண்ணன் என்னைச் சமையலறைக்கு இழுத்துப்போய் குரலைத் தாழ்த்திப் பேசினான்.

“தாமான்ல எல்லாரும் பாப்பாங்க. நம்ம யாருன்னு யோசிப்பாங்க.”

“நம்ம யாருண்ணே?”

அவன் கூடத்துக்குப் போனான். ஒலிபெருக்கியில் பக்திப் பாட்டைப் போட்டான். பிரேதம் வைத்த வீட்டில் நான் கத்தியதும் மாமாமார் என்னைப் பின்வாசலுக்குத் தள்ளிக்கொண்டு போனதும் நடந்தன. அம்மா வாயைத் திறக்கவில்லை. ஒரு தோட்டத்தையே மேளத்தோடு காட்டுக்கு அனுப்பி வைத்த மனுசன், தனக்கென்று ஒரு அடி விழாமல் வேனில் ஏறிப் போனார். அந்தக் கோபம் எனக்கு இன்னும் ஆறவில்லை. ஆறவும் வேண்டாம்.

அதனால்தான் அந்தப் படம் வந்தபோது நான் அப்படித் துள்ளினேன். இளம் இயக்குநர், நல்ல பையன், படமும் நல்ல படம். தோட்டத்தை விட்டு வர மறுத்த ஒரு கிழவர், கடைசியில் அங்கேயே இறக்கிறார். செம்பனை மரங்களுக்கு நடுவே அவரைத் தூக்கிப் போவதுதான் கடைசிக் காட்சி. வசனம் கிடையாது, நடை மட்டும்தான். நீளமான, அருமையான காட்சி.

ஆனால் அதன்மேல் அவர் ஏற்கெனவே ஒரு இசையை ஒட்டி வைத்திருந்தார். இப்போது எல்லாரும் இப்படித்தான் செய்கிறார்கள். படத்தைத் தொகுக்கும்போதே எங்கிருந்தோ எதையோ எடுத்துத் தற்காலிகமாகப் போட்டுக்கொள்வார்கள். போட்டு நூறு தடவை பார்த்து அதிலேயே மயங்கிப் போவார்கள். பிறகு நம்மிடம் வந்து, “இதே மாதிரி வேணும் அக்கா, ஆனா இது வேணாம்” என்பார்கள். அவர் ஒட்டி வைத்திருந்தது கடையில் விற்கும் ரெடிமேட் சோகம். ஒரு வயலின் கேவிக் கேவி அழுதது. மேலே ஒருத்தி “ஆ… ஆ…” என்று ஹம்மிங். யாருடைய வீட்டுச் சாவுக்கும் அதை ஒட்டிக்கொள்ளலாம். நாய்க்குட்டி தொலைந்த காட்சிக்கும் ஒட்டலாம்.

“தம்பி, இந்தத் தோட்டத்துல சாவுக்கு யாரு வயலின் வாசிச்சா?” என்று கேட்டேன்.

“இல்லக்கா, ஃபீலிங்குக்கு லா.”

“ஃபீலிங் நடையில இருக்கு. பறையைப் போடுவோம். அதுக்குக் கீழ டபுள் பேஸ் நடந்து வரட்டும். அமெரிக்காவுல கறுப்பு மக்கள் பொணத்தோட பேண்டு வாசிச்சு நடந்துதான் போனாங்க. ஜாஸ் ஒண்ணும் ஓட்டல்ல பொறக்கல. வயலின் அழவே வேணாம், ஒரே சுரத்தப் பிடிச்சுக்கிட்டுக் கூட நடந்து வந்தா போதும்.”

மேசையில் தட்டிக் காட்டினேன். பையனுக்குக் கண் விரிந்தது. “அக்கா, இதுதான்கா, இதுதான்” என்றார். அன்று சாயங்காலமே அம்மாவைப் பார்க்கப் போனேன். அம்மா அண்ணன் வீட்டில்தான் இருக்கிறாள்.

“அப்பாவுக்கு அடிக்காத மேளத்தப் படத்துல அடிக்கப் போறேம்மா” என்றேன்.

அம்மா காய் நறுக்குவதை நிறுத்தவில்லை. “சொல்லிட்டு செய்யாம விட்டுடாத” என்றாள்.

என் ஸ்டூடியோ செங்கில் ஒரு கடை வரிசையின் மாடியில் இருக்கிறது. கீழே மணப்பெண் அலங்காரமும் பட்டுப் புடவையும் விற்கும் ஒரு அக்காவின் கடை. பக்கத்தில் மளிகை, எதிரே மோட்டார் பட்டறை. பறை அடிக்க வந்தவர்கள் தொழிற்சாலையில் வேலை பார்க்கும் இளைஞர்கள். சனி ஞாயிறில் கோயில், கல்யாணம், சாவு என்று எல்லாவற்றுக்கும் கூப்பிடப்படுகிறவர்கள். ஆள் உயரத்துக்கு நிற்கும் அந்த டபுள் பேஸை வாசிக்க உஜோங் பாசிரில் இருக்கும் போர்த்துகீசியக் குடும்பத்து அங்கிள் வந்தார். ஓட்டல் லவுஞ்ச் காலத்திலிருந்து எனக்குச் சிநேகிதர்.

பறை திறந்த வெளிக்குச் செய்த வாத்தியம். மூடிய அறையில் அடித்தால் டப்பா மாதிரி கேட்கும். அதனால் பஞ்சு ஒட்டிய ஒலிப்பதிவு அறையை விட்டுவிட்டு, முன்கூடத்தில் மைக்குகளை வைத்து ஜன்னல்களைத் திறந்துவிட்டேன். தம்பிகள் பின்சந்தில் பழைய செய்தித்தாளைக் கொளுத்தித் தோலைக் காய்ச்சிக்கொண்டு வந்தார்கள். எடுத்த எடுப்பிலேயே சாவு அடி. அங்கிள் கொஞ்ச நேரம் தலையை மட்டும் ஆட்டிக்கொண்டிருந்தார், பிறகு “போலே, போலே” என்று மலாயில் சம்மதம் சொல்லியபடி உள்ளே நுழைந்தார். பேஸ் நடந்தது, பறை கொஞ்சம் பின்தங்கி நடந்தது. நான் வயலினில் அந்த ஒற்றைச் சுரத்தைப் பிடித்துக்கொண்டேன்.

முடித்துவிட்டு ஜன்னல் வழியாகப் பார்க்கிறேன், எதிரே பட்டறைக்காரர் ஷட்டரைப் பாதி இறக்கியிருந்தார். மளிகைக் கடையும் பாதி இறங்கியிருந்தது. பிரேத ஊர்வலம் தெருவில் போகும்போது நம் கடைக்காரர்கள் செய்கிற மரியாதை அது. அவர்களைப் பார்த்துவிட்டுக் கோடிவீட்டுச் சீன இரும்புக் கடைக்காரரும் இறக்கிவிட்டு வாசலில் நின்று ஊர்வலத்தைத் தேடிக்கொண்டிருந்தார். சட்டைப் பொத்தானைப் போட்டுக்கொண்டே மளிகைக் கடை அண்ணன் படியேறி வந்து, முகத்தைத் தொங்கப்போட்டபடி கேட்டார்:

“எத்தன மணிக்கும்மா எடுக்கிறாங்க?”

தம்பிகள் சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டு சிரித்தார்கள். எனக்கு அவர் காலில் விழலாம்போல் இருந்தது. விருது கொடுக்கிறேன் என்று ஒருவர் வந்திருந்தால்கூட அப்படிச் சந்தோஷப்பட்டிருக்க மாட்டேன். ஒரு தெருவே இந்த இசையைக் கேட்டு எழுந்து நின்றிருக்கிறது, வேறென்ன வேண்டும் எனக்கு?

அந்தச் சந்தோஷம் நிலைக்கவில்லை. புடவைக் கடை அக்கா மூச்சு வாங்க ஏறி வந்தாள்.

“உனக்கு அறிவிருக்கா? கீழ முகூர்த்தப் புடவை எடுக்க வந்திருக்காங்க. பொண்ணு கையில புடவையக் குடுக்கிறேன், மேல சாவு மேளம் அடிக்கிற! பொண்ணோட அம்மா கடைய விட்டே எறங்கிப் போயிட்டாங்க!”

“அக்கா, யாரும் சாகலக்கா. படத்துக்கு.”

“படத்துக்கோ பாட்டுக்கோ, இதையெல்லாம் ஏன் மாடி ஏத்துற?”

‘இதையெல்லாம்’ என்றபோது அவள் பறையைப் பார்க்கவில்லை, அந்தத் தம்பிகளைப் பார்த்தாள். சாதி என்ற சொல்லை எங்கள் ஊரில் யாரும் வாயில் எடுப்பதில்லை. எடுக்கத் தேவையும் இல்லை, கண்ணே போதும். வியாபாரம் கெட்டதற்கு அவள் கோபப்பட்டிருந்தால் நான் மன்னிப்புக் கேட்டிருப்பேன். அந்தப் பார்வைக்கு மன்னிப்பாவது மண்ணாவது. “அக்கா, கீழ போங்க” என்று கதவைச் சாத்தினேன்.

அவள் கீழே போனதோடு நிற்கவில்லை. படத்தின் தயாரிப்பாளர் டத்தோ பட்டம் வாங்கியவர், அவருக்கு அலோர் காஜாவில் கல்யாண மண்டபம் இருக்கிறது. அங்கே வரும் மணப்பெண்களுக்கு அலங்காரம் செய்வது இந்த அக்காதான். விஷயம் மசாலா தடவிப் போய்ச் சேர்ந்தது. சில நாளில் இயக்குநர் என்னைக் கூப்பிட்டார், குரலே சரியில்லை.

“அக்கா, டத்தோ அந்தப் பீஸ் வேணாங்குறாரு. பழசையே போட்டுடலாமாம். கொஞ்சம் அட்ஜஸ்ட் பண்ணிக்குங்க லா.”

“நீ என்னா சொன்ன?”

“நான் என்னாக்கா சொல்றது…”

நல்ல பையன் என்று மேலே எழுதியிருக்கிறேன். நல்ல பையன்களால்தான் இந்தத் தொழிலில் பாதி அநியாயம் நடக்கிறது.

நேராக அலோர் காஜாவுக்குப் போனேன். மண்டபத்தில் கல்யாணம். வாசலில் மாப்பிள்ளை அழைப்புக்கு உறுமி மேளம் கிளப்பிக்கொண்டிருந்தது. அடித்தவர்களில் பாதிப் பேர் என் ஸ்டூடியோவில் பறை அடித்த அதே தம்பிகள், இப்போது பளபளவென்று சிவப்பு ஜிப்பாவில். தயாரிப்பாளர் டத்தோ, தோளில் துண்டோடு, மாப்பிள்ளை வீட்டாரோடு சேர்ந்து கையைத் தூக்கி ஆடிக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்ததும் ஒரு தம்பி அடித்துக்கொண்டே கண்ணால் கேட்டான். மேளம் நின்றதும் வாயாலும் கேட்டான்: “நம்ம பீஸ் வருதாக்கா?” வரும் என்று தலையாட்டிவிட்டு டத்தோவிடம் போனேன்.

“என்னாம்மா, சாப்பிட்டியா?” என்றார்.

“அந்தக் கடைசிக் காட்சியில என் மேளத்த ஏன் எடுக்கச் சொன்னீங்க டத்தோ?”

“குடும்பத்தோட பாக்க வர்றாங்கம்மா. கல்யாணமாகாத புள்ளைங்க வரும், புள்ளத்தாச்சி வரும். தியேட்டர்ல உக்காந்து சாவு மேளம் கேக்கிறது ஆகாது.”

“படத்துல ஆளு சாகலாம். பாடை கட்டலாம். பொணத்தத் தூக்கிட்டுப் போகலாம். மேளம் மட்டும் ஆகாதா?”

அவர் நிஜமாகவே யோசித்துவிட்டுச் சொன்னார்: “பொணம் நடிப்புதானேம்மா. மேளம் நிஜமால்ல அடிக்குது.”

என்ன சொல்வது இதற்கு? இதைவிட நல்ல பாராட்டு ஒரு வாத்தியத்துக்குக் கிடைக்குமா, இதைவிடப் பெரிய அவமானமும் கிடைக்குமா? பத்திக்கொண்டு வந்தது எனக்கு.

“இப்ப இந்தப் பசங்க அடிச்சதுக்குத்தானே ஆடினீங்க?”

“அது வேற, இது வேற. இது மங்களம்.”

“கை ஒண்ணுதானே டத்தோ!”

“சத்தம் போடாத. கல்யாண வீடு.” அவ்வளவுதான். வரவேற்பில் நின்ற ஒரு பெண்ணைக் கூப்பிட்டு எனக்கு இலை போடச் சொல்லிவிட்டுப் போய்விட்டார். நான் சாப்பிடாமல் வந்தேன். என் பெயரை எடுத்துவிடுங்கள் என்று இயக்குநருக்குச் செய்தி அனுப்பினேன். ‘ஓகே அக்கா’ என்று பதில் வந்தது.

முதல் காட்சி ஒரு ஞாயிற்றுக்கிழமை பகலில், மலாக்காவில் ஒரு பேரங்காடித் தியேட்டரில். அண்ணன் காரில் அம்மாவை அழைத்து வந்தான். வர வேண்டாம் என்று சொல்ல எனக்கு நா எழவில்லை. கடைசி நிமிடத்தில் பையனுக்குத் துணிச்சல் வந்து என் மேளத்தையே போட்டிருப்பார் என்று ஒரு நப்பாசையும் இருந்தது.

செம்பனை மரங்கள் வந்தன. பாடை வந்தது. “ஆ… ஆ…” என்று அந்த ஹம்மிங்காரியும் வந்தாள். வயலின் கேவியது. அரங்கு முழுக்க மூக்குறிஞ்சும் சத்தம். அம்மா முன்னால் கொஞ்சம் சாய்ந்து உட்கார்ந்து, காட்சி முடியும்வரை காத்திருந்தாள். எதற்குக் காத்திருந்தாள் என்று எனக்குத் தெரியும். பிறகு என் பக்கம் திரும்பாமலேயே, “இதுவா?” என்றாள்.

“இல்லம்மா.”

திரையில் பெயர்கள் ஓடின. இசை என்று என் பெயரும் ஓடியது, கொட்டை எழுத்தில்! முன் வரிசையிலிருந்து ஒரு அம்மா எழுந்து வந்து என் கையைப் பிடித்துக்கொண்டு, “அந்தச் சாவு சீன்ல கொன்னுட்டீங்க, அழுதுட்டேன்” என்றார்.

பிறகு மேடை, பொன்னாடை. எங்கள் நிகழ்ச்சிகளில் பொன்னாடை இல்லாமல் யாரும் தப்ப முடியாது. டத்தோ பல்லெல்லாம் தெரிய எனக்குப் போர்த்த வந்தார். நான் மைக்கை எடுத்தேன்.

“நீங்க அழுத அந்த இசை என்னுது இல்ல. நான் பறை வச்சிருந்தேன். சாவு மேளம் ஆகாதுன்னு எடுத்துட்டாங்க. எங்கப்பா பெம்பான் பக்கம் தோட்டத்துல பறை அடிச்சவரு. அவர் சாவுக்கும் ஆகாதுன்னுதான் சொன்னாங்க.”

பின்னால் யாரோ கை தட்டத் தொடங்கி, பக்கத்தில் யாரும் தட்டாததால் நிறுத்திக்கொண்டார். அறிவிப்பாளர் மைக்கை என் கையிலிருந்து நைசாக வாங்கி, “அக்கா ரொம்ப எமோஷனல் ஆயிட்டாங்க” என்று சிரித்துவிட்டு அதிர்ஷ்டக் குலுக்கலுக்குப் போனார். சனம் டிக்கெட்டைத் தேடத் தொடங்கியது. பொன்னாடை டத்தோ கையிலேயே இருந்தது.

கார் நிறுத்துமிடம் கட்டடத்துக்கு அடியில். அண்ணன் காரில் ஏறிக் கதவை அறைந்து சாத்தினான். அம்மா முன்னால், நான் பின்னால்.

“அப்பா என்னா அடிச்சாருன்னு மேடையில சொல்லணுமா? என் ஆபீஸ் ஆளுங்க வந்திருந்தாங்க. நாளைக்கு நான் எப்படி மூஞ்சியக் காட்டுறது?”

“அப்பாவுக்கு இருந்த அதே மூஞ்சிதானே உனக்கும் இருக்கு. அதையே காட்டு.”

“எப்பப் பாத்தாலும் மானத்த வாங்குறதே உனக்கு வேலையாப் போச்சு!”

அம்மா எங்கள் இருவரையும் சட்டை செய்யவில்லை. “நீ அடிச்சத இதுல போட முடியுமா?” என்று காரின் ஒலிப்பெட்டியைக் காட்டினாள். என் கைப்பேசியில் இருந்தது. இணைத்துவிட்டேன். அந்தச் சிமெண்டுக் குகையில் பறை விழுந்தது. அங்கிளின் பேஸ் அடியில் நடக்க ஆரம்பித்தது. அம்மா தன் பக்கத்துக் கண்ணாடியை முழுவதும் இறக்கினாள். சத்தம் தூண்களில் மோதித் திரும்பியது. தியேட்டரிலிருந்து இறங்கி வந்துகொண்டிருந்தவர்கள் ஒவ்வொருவராக நின்று, எங்கள் காரைப் பார்த்தார்கள்.

அண்ணன் தன் கைக்கருகில் இருந்த பொத்தானை அழுத்தினான். அம்மாவின் கண்ணாடி ஏறிவிட்டது. அம்மா மறுபடி இறக்கினாள். அவன் மறுபடி ஏற்றி, இறங்காதபடி பூட்டினான்.

“ஆளுங்க பாக்குறாங்கம்மா” என்றான். அவன் குரல் கெஞ்சியது.

“உங்கப்பனத் தூக்கினப்பவும் இதத்தான் சொன்ன. நானும் வாயப் பொத்திக்கிட்டு இருந்தேன்” என்றாள் அம்மா.

சொல்லிவிட்டுக் கார்க் கதவை விரியத் திறந்தாள். சிரமப்பட்டு இரண்டு காலையும் வெளியே நீட்டி, தரையில் ஊன்றி, அந்த ஜனங்களைப் பார்த்தபடி உட்கார்ந்தாள்.

“சத்தம் பத்தல. கூட்டு” என்றாள்.

கூட்டினேன்.